கைபேசிப் பறவையும் சிட்டியின் கடைசிப் பேச்சும்

‘2.0’ படத்தைப் பற்றி யாரிடம் கேட்டாலும், கைபேசிகள் சேர்ந்து உருவான அந்த இராட்சதப் பறவையைத்தான் சொல்வார்கள். சிட்டி அதில் என்ன செய்தான் என்று கேட்டால், பெரும்பாலும் 2010இல் வந்த ‘எந்திரன்’ காட்சிதான் பதிலாக வரும்.

2018 நவம்பரில் முப்பரிமாணக் கண்ணாடியுடன் நானும் வாய்பிளந்துதான் பார்த்தேன். பிறகு கொட்டாஞ்சேனையில் உறவினர் வீட்டுத் தொலைக்காட்சியில் அதே பறவை கோழிக்குஞ்சு அளவுக்குச் சிறுத்துப்போயிருந்தது. மிஞ்சியது பக்‌ஷிராஜனின் முன்கதை மட்டும்தான். பறவைகளுக்காகப் போராடித் தோற்று, கைபேசிக் கோபுரத்தில் உயிரை விட்ட முதியவர். அக்‌ஷய் குமாருக்குக் கிடைத்த அந்தச் சில நிமிடங்கள் வசீகரனுக்குப் படம் முழுவதிலும் கிடைக்கவில்லை.

‘எந்திரன்’ அப்படியல்ல. தீப்பிடித்த கட்டடத்தில் குளித்துக்கொண்டிருந்த பெண்ணைச் சிட்டி அப்படியே தூக்கி வருகிறான். கமராக்களின் முன் உடையின்றி நிற்க நேர்ந்த அவள் கூசி ஓடி, வாகனத்தில் அடிபட்டு இறக்கிறாள். உயிரைக் காக்கத் தெரிந்த இயந்திரத்துக்கு மானம் தெரியவில்லை. அதன் பிறகே அதற்கு உணர்ச்சி புகட்டப்படுகிறது; உணர்ச்சி காதலாகிறது, காதல் வன்மமாகிறது. நூற்றுக்கணக்கான சிட்டிகள் உருண்டையாகவும் பாம்பாகவும் மாறும் உச்சக்காட்சி எடுபடுவது, அது யாருடைய கோபம் என்று நமக்குத் தெரிந்திருப்பதால்தான். கடைசியில் தன்னைத் தானே கழற்றிக்கொண்டு அவன் பேசுவதற்குப் பெரிய வரைகலை எதுவும் தேவைப்படவில்லை.

அந்த வசனங்களில் சுஜாதாவின் பங்கு உண்டு. ‘என் இனிய இயந்திரா’வில் ஜீனோ என்ற இயந்திர நாயையே மறக்க முடியாத பாத்திரமாக்கியவர் அவர். படம் வெளிவருமுன், 2008 பெப்ரவரியில் காலமானார். அடுத்த மாதமே கொழும்பில் ஆர்தர் சி. கிளார்க்கும் மறைந்தார். 1956 முதல் இங்கே வாழ்ந்த கிளார்க், குப்ரிக்குடன் சேர்ந்து எழுதிய ‘2001: எ ஸ்பேஸ் ஒடிசி’ (1968) காட்சிப் பிரமாண்டத்துக்கே பேர்போனது. ஆனாலும் நினைவில் நிற்பது, அணைக்கப்படும்போது கெஞ்சும் ஹால் என்ற கணினிதான்.

செலவு செய்தால்தான் விஞ்ஞானப் படம் என்பவர்கள் ரவிக்குமாரின் ‘இன்று நேற்று நாளை’யை (2015) பார்க்கலாம். காலயந்திரம் கையில் கிடைத்தும், உலகைக் காப்பாற்ற யாரும் கிளம்புவதில்லை. காணாமற்போன பொருட்களைத் தேடிக்கொடுத்துக் காசு பார்க்கிறார்கள். அந்தச் சில்லறை ஆசையில்தான், செத்திருக்க வேண்டிய ரவுடி ஒருவன் பிழைத்துவிடுகிறான்.