வழக்கு எந்த ஊரில் நடக்க வேண்டும்?

குற்றம் எந்த எல்லைக்குள் நடந்ததோ, அந்த எல்லைக்குரிய நீதிமன்றமே அதனை விசாரிக்க வேண்டும் என்பது பிரித்தானியர் நமக்கு விட்டுச் சென்ற விதி. இந்தியா, இலங்கை ஆகிய இரு நாடுகளிலும் 1898ஆம் ஆண்டில் இயற்றப்பட்ட குற்றவியல் நடைமுறைக் கோவைகள் இதனையே பொதுவிதியாகக் கொண்டிருந்தன. சாட்சிகளும் தடயங்களும் சம்பவ இடத்திலேயே இருக்கும் என்பது அதன் நியாயம்.

களவுக்கும் கொலைக்கும் பொருந்திய இந்த நியாயம், கணவன் வீட்டில் துன்புற்ற பெண்ணுக்குப் பொருந்தவில்லை. அங்குள்ள சாட்சிகள் பெரும்பாலும் கணவனின் உறவினர்கள். அவளோ தாய்வீட்டுக்குத் திரும்பியிருப்பாள். இம்முரண்பாட்டைத் தீர்க்க இந்திய உச்ச நீதிமன்றத்துக்கு நீண்டகாலம் எடுத்தது.

1978இல் மேனகா காந்தி, தம்மீதான அவதூறு வழக்கைப் பம்பாயிலிருந்து டில்லிக்கு மாற்றுமாறு கோரினார். நீதியரசர் கிருஷ்ணய்யர் மறுத்துவிட்டார். ஒரு தரப்பினரின் வசதி மட்டும் குற்ற வழக்கை இடம்மாற்றப் போதாது, நீதியான விசாரணை நடக்குமா என்பதே அளவுகோல் என்றார். மணவழக்குகளிலோ அளவுகோல் வேறாயிற்று. கணவன் தொடுத்த வழக்கில் மனைவியின் வசதியையே கவனிக்க வேண்டும் என்று 2001இல் அதே நீதிமன்றம் கூறியது. ஆக, ஒரே குடும்பத்தின் விவாகரத்து வழக்குக்கு ஒரு நீதி, குற்ற வழக்குக்கு இன்னொரு நீதி.

இதன் விளைவு 2004இல் தெரிந்தது. நாகர்கோவிலில் கணவனுடன் வாழ்ந்த ஒரு பெண் சென்னைக்கு வந்து அங்கே முறைப்பாடு செய்திருந்தார். துன்புறுத்தல் எதுவும் சென்னையில் நிகழவில்லை எனக் கூறிய உச்ச நீதிமன்றம், முறைப்பாட்டைத் திருப்பிக் கொடுக்கப் பணித்தது. பதினைந்து ஆண்டுகளின் பின், 2019 ஏப்ரல் 9இல், மூன்று நீதியரசர்கள் கொண்ட ஆயம் இந்நிலையை மாற்றியது. கொடுமையின் மனவேதனை புகலடைந்த வீட்டிலும் தொடர்கிறது. எனவே அவ்வூர் நீதிமன்றத்திலும் வழக்கிடலாம் எனத் தீர்ப்பளித்தது.

இலங்கையில் 1999ஆம் ஆண்டின் பராமரிப்புச் சட்டமும் 2005ஆம் ஆண்டின் வீட்டு வன்முறைத் தடுப்புச் சட்டமும் பெண் தான் வசிக்கும் இடத்து நீதவான் நீதிமன்றத்தையே நாட வழிவிட்டன. ஆனால் அடித்துக் காயப்படுத்தியது போன்ற குற்றங்கள் இன்னமும் பழைய விதிக்குள்ளேயே நிற்கின்றன. 1978ஆம் ஆண்டின் 2ஆம் இலக்க நீதித்துறைச் சட்டத்தின் 46ஆம் பிரிவு, பக்கச்சார்பற்ற விசாரணை கிடைக்காது என்றாலோ வேறு தகுந்த காரணம் இருந்தாலோ, வழக்கை இடம்மாற்றும் அதிகாரத்தை மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்கு வழங்குகிறது.

கொக்கிளாயை எடுத்துக்கொள்வோம். களப்பின் இக்கரை முல்லைத்தீவு மாவட்டம், அக்கரையில் உள்ள புல்மோட்டை திருகோணமலை மாவட்டம். 1984இல் விரட்டப்பட்ட இவ்வூர்த் தமிழர், 2009இல் போர் முடிந்த பின்னரே திரும்ப முடிந்தது. இடைப்பட்ட கால்நூற்றாண்டில் பிள்ளைகள் பல மாவட்டங்களில் மணமுடித்தனர். அவ்வாறு வேறு மாவட்டத்தில் வாழ்க்கைப்பட்டு அடிபட்டுத் திரும்பும் பெண்ணுக்கு, ஒவ்வொரு தவணையும் ஒருநாள் கூலியும் பேருந்துக் காசும் ஆகும். அந்த வழக்கை அருகில் மாற்றித் தருமாறு கேட்க அவள் நாட வேண்டிய மேன்முறையீட்டு நீதிமன்றமோ கொழும்பில் இருக்கிறது.

தூரத்தைக் குறைக்க எழுதப்பட்ட பிரிவை அடையவே இவ்வளவு தூரம் போக வேண்டியிருக்கிறது. மாகாண மேல் நீதிமன்றங்களுக்கும் இவ்வதிகாரத்தைப் பகிர்ந்தளிப்பது பற்றிச் சட்டம் இயற்றுவோர் சிந்திப்பார்களாக.