கறுவா நாட்டைத் தேடியோர்: ஐரோப்பிய வணிக மூலதனமும் தென்னமெரிக்காவும்

போர்த்துக்கேயர் பிறேசிலை அடைந்தமைக்கும் இலங்கையை அடைந்தமைக்கும் பாடநூல்கள் பெரும்பாலும் ஒரே காரணத்தையே கூறிவந்துள்ளன: காற்று. 1500 ஏப்பிரலில், இந்தியா நோக்கிச் சென்ற கப்ராலின் கப்பல்கள் மேற்கே ஒதுங்கின. 1505 இல், முஸ்லிம் வணிகரின் கலங்களைத் தேடிவந்த லொறன்சோ த அல்மேதாவின் கப்பல்கள் இலங்கைக் கரையில் ஒதுங்கின. காற்றின் பங்கை மறுக்கவேண்டியதில்லை. ஆயின், ஒதுங்கியவர்கள் கரையில் எதைத் தேடினர் என்பதைக் காற்று விளக்காது.

கப்ரால் அங்கு பத்து நாள் வரையே தங்கினார். பொன்னும் வெள்ளியும் தென்படாத அக்கரையில் கிடைத்தது ஒரு சாயமரமே. சிவப்புச் சாயம் தரும் ஆசியச் சப்பங்கி மரத்தை ஐரோப்பிய வணிகர் நெடுங்காலமாகவே ‘பிறேசில்’ என வழங்கிவந்தனர். இலங்கையில் அம்மரம் கிடைப்பதை மார்க்கோ போலோவும் குறிப்பிட்டுள்ளார். அதையொத்த மரம் புதிய நிலத்திற் கிடைத்ததும், கப்ரால் சூட்டிய சிலுவைப் பெயர் மறைந்து சரக்கின் பெயரே நாட்டின் பெயராயிற்று. சமயமும் வணிகமும் எதிர்ப்பட்டவிடத்து எது வென்றது என்பதற்கு இதனினும் தெளிவான சான்று அரிது.

ஸ்பானியரின் நிலை வேறு. 1494 ஆம் ஆண்டுத் தோர்தேசிலாஸ் உடன்படிக்கையும் 1529 ஆம் ஆண்டுச் சரகோசா உடன்படிக்கையும் கீழைத்தேய வாசனைப் பொருள் வணிகத்தினின்றும் அவர்களைப் பெரிதும் விலக்கிவைத்தன. எனவே, இலங்கைக் கறுவாவுக்கு ஈடானதை அந்தீஸ் மலைகளுக்குக் கிழக்கே தேடினர். 1541 இல் கொன்சாலோ பிசாறோ ‘கறுவா நாடு’ தேடிக் கீற்றோவிலிருந்து புறப்பட்டார். 200 இற்கும் மேற்பட்ட ஸ்பானியரும் ஏறத்தாழ 4,000 சுதேசிகளும் உடன் சென்றனர். சுமை தூக்கியோர் அச்சுதேசிகளே. மணமுள்ள மரங்கள் இருந்தன, ஆனால் அவை காட்டில் ஒன்றுக்கொன்று வெகுதொலைவிற் சிதறி நின்றன, வணிகத்திற்கு உதவவில்லை. விரும்பிய விடையைக் கூறாத வழிகாட்டிகள் எரிக்கப்பட்டனர், நாய்களுக்கு இரையாக்கப்பட்டனர். இதனை எழுதிவைத்தோரும் ஸ்பானிய வரலாற்றாசிரியரே. உணவு தேடிப் பிரிந்து சென்ற ஒரெல்லானா 1542 இல் அமேசன் நதி வழியே அத்திலாந்திக் கடலை அடைந்தார். உலகின் மாபெரும் நதிவழிப் பயணமெனப் போற்றப்படுவது, கைகூடாத கறுவா வேட்டையொன்றின் உபவிளைவேயாகும்.

இலங்கையில் மட்டும் அச்சரக்கு எவ்வாறு இலகுவிற் கைக்கெட்டியது? இங்கும் அன்று கறுவா காட்டு மரமே, தோட்டப் பயிரன்று. வேறுபாடு மரத்தில் இல்லை, உற்பத்தி உறவுகளில் இருந்தது. கோட்டை இராச்சியத்தில் கறுவா உரித்துக் கொடுத்தல் சலாகம சாதியினர்மீது சுமத்தப்பட்ட இராசகாரிய ஊழியம். போர்த்துக்கேயர் முதலில் அதன் பயனை மன்னரிடமிருந்து திறையாகப் பெற்றனர். தர்மபாலன் 1580 இல் எழுதிக்கொடுத்த சாசனத்தின் பேரில், 1597 இல் அவன் இறந்தபின், தாமே மன்னரின் இடத்தில் அமர்ந்து அவ்வூழியத்தை மேலும் கடுமையாக்கினர். வணிக மூலதனம் இங்கு புதிய உழைப்பு முறை எதனையும் தோற்றுவிக்கவில்லை; இருந்த நிலமானிய முறையையே தனதாக்கிக்கொண்டது. ‘நாகரிகம் கொணர்ந்த வணிகம்’ என்ற கூற்றை இவ்விடத்து வைத்தே மதிப்பிடல் வேண்டும்.

பிறேசிலில் அத்தகைய ஊழிய அமைப்பு இருக்கவில்லை. தூப்பி மக்கள் கோடரிக்கும் கத்திக்கும் பண்டமாற்றாக மரம் வெட்டிக் கொடுத்தனர். போதுமான கோடரிகள் கிடைத்தபின் மேலும் உழைக்க அவர்களுக்குத் தேவை இருக்கவில்லை. கரும்புத் தோட்டங்கள் பெருகியபோது இப்பண்டமாற்று பயன்படவில்லை. முதலிற் சுதேசிகளும், பின்னர் ஆபிரிக்கரும் அடிமைகளாக்கப்பட்டனர்.

1656 இல் கொழும்பையும் 1658 இல் யாழ்ப்பாணத்தையும் ஒல்லாந்தரிடம் இழந்தபின் இவ்விரு கரைகளும் மீண்டும் இணைகின்றன. கறுவாவை இழந்த போர்த்துக்கேய அரசு, அந்நூற்றாண்டின் பிற்பகுதியில் கோவாவிலிருந்து கறுவாக் கன்றுகளைப் பிறேசிலின் பாகியாவுக்கு அனுப்புவித்தது. கன்றுகள் வளர்ந்தன. பட்டை உரிக்கும் கைகளுக்கு மீண்டும் கோவாவையே நாடவேண்டியதாயிற்று.