குறி நீங்கினால் பட்டியல் மாறும்: எஸ்.எஸ். பிள்ளையின் வேறுபாடுகளும் முழுக்களின் கூட்டலும்

வெவ்வேறு குறியுடைய இரு முழுக்களைக் கூட்டுவதற்கு நம் வகுப்பறைகளில் ஒரு விதி மனப்பாடமாகிறது: பெரியதிலிருந்து சிறியதைக் கழி, பெரியதன் குறியைப் போடு. விடை சரியாகவே வரும். ஆனால், குறி என்பது கணக்கு முடிந்தபின் ஒட்டப்படுவது என்ற எண்ணத்தையும் அவ்விதி உடன் விதைத்துவிடுகிறது. −1-ஐ விட −13 பெரியது என்று மாணவர் எழுதுவதற்கு இவ்வெண்ணமே வேர் என்பது என் கருத்து. குறி முழுவின் உறுப்பு என்பதற்கான வலுவான சான்று அண்ணாமலை நகரில் நடந்த ஆய்விலேயே இருக்கிறது.

எஸ்.எஸ். பிள்ளை 1929 முதல் 1941 வரை அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் கணிதம் கற்பித்தார். ஓர் எண்ணைக் குறிப்பிட்ட அடுக்குடைய எண்களின் கூட்டலாக எழுதும் வாரிங் சிக்கலில் அவர் கண்ட முடிவுகளே அதிகம் பேசப்படுகின்றன. அவை மிகை எண்களை மட்டும் கூட்டுபவை. நான் முதன்மையாகக் கருதுவது, இரண்டு அடுக்கு எண்களின் வேறுபாடு பற்றிய அவருடைய ஆய்வுகளை. 1931இல் வெளிவந்த கட்டுரையின் தலைப்பிலேயே, வேறுபாடு பூச்சியத்தைவிடப் பெரியது என்ற நிபந்தனையை வைத்தார். எது பெரியது, எவ்வளவு பெரியது என்னும் இரு கேள்விகளையும் அவர் ஒன்றாகக் கலக்கவில்லை.

2-இன் அடுக்கு ஒன்றோடு, 3-இன் அடுக்கு ஒன்றைக் குறைக் குறியிட்டுக் கூட்டுவோம். அடுக்குகள் 1 முதல் தொடங்கட்டும். ஒரே விடை இருமுறை வருமா? வரும். 2−3, 8−9 இரண்டும் −1. 8−3, 32−27 இரண்டும் 5. 16−3, 256−243 இரண்டும் 13. இம்மூன்றைத் தவிர வேறில்லை என்று பிள்ளை ஊகித்தார். ஆலன் பேக்கரின் முறையைக் கொண்டு ஸ்ட்ரோக்கரும் டைட்மனும் 1982இல் அதை நிறுவினர்.

இப்போது குறியை நீக்கி மட்டு மதிப்பை மட்டும் பார்ப்போம். 9−2, 16−9 ஆகியவற்றால் 7 உள்ளே வருகிறது; 27−4, 32−9 ஆகியவற்றால் 23 வருகிறது. 4−3 சேர்வதால் 1 மும்முறை தோன்றுகிறது. தேற்றமே குலைந்துவிடுகிறது! −7-உம் 7-உம் வேறுவேறு விடைகள் என்று கொள்ளும்போதுதான் பிள்ளையின் மூன்று எண்கள் நிலைக்கின்றன. குறியை வெறும் ஒட்டு என்பவர்களுக்கு இதைவிடத் தெளிவான மறுப்பு எனக்குத் தெரியவில்லை.

மட்டு மதிப்புக்கு இதில் இடமே இல்லை என்பதல்ல. எண்கோட்டில் இரு எண்களுக்கு இடையிலுள்ள தூரத்தைச் சொல்வது அதுதான், அத்தூரம்தான் கடினமானது. அடுத்தடுத்த அடுக்கு எண்கள் 8, 9 மட்டுமே என்ற கட்டலானின் 1844ஆம் ஆண்டு ஊகத்தை மிஹைலெஸ்கு 2002இல்தான் நிறுவினார். எந்த வேறுபாடும் முடிவுள்ள முறைகளே வரும் என்ற பிள்ளையின் பொது ஊகம் இன்றும் திறந்தே கிடக்கிறது.

முழுக்களின் கூட்டலை நடத்தும் ஆசிரியர்களுக்கு ஒரு வேண்டுகோள். 2, 4, 8, 16, 32 ஒவ்வொன்றோடும் −3, −9, −27 ஆகியவற்றைக் கூட்டச் சொல்லுங்கள். வரும் 15 விடைகளையும் −25 முதல் 29 வரை ஏறுவரிசையில் எழுதச் சொல்லுங்கள். −1-உம் 5-உம் இருமுறை வருவதையும், 7, 23 தத்தம் எதிரெண்ணோடு நிற்பதையும் மாணவர்களே கண்டுபிடிக்கட்டும். விதியை அதன் பிறகு சொல்லிக்கொடுங்கள்.