வரி எல்லையும் வருகை எல்லையும்: செக்வோயா ஒன்றிய உயர்நிலைப்பள்ளி மாவட்டத்தின் வரலாறும் அமைப்பும்

அமெரிக்காவில் பள்ளி மாவட்டம் என்பது மாநிலக் கல்வித்துறையின் கீழ்க்கிளை அன்று. தனக்கென எல்லையும், மக்கள் தேர்ந்தெடுக்கும் வாரியமும், சொத்துவரியில் பங்கும், வாக்காளர் ஒப்புதலோடு கடன்பத்திரம் வெளியிடும் உரிமையும் உடைய தனி உள்ளாட்சி அது. 1939–40இல் அந்நாட்டில் ஏறத்தாழ 1,17,000 பள்ளி மாவட்டங்கள் இருந்தன. ஒன்றோடொன்று இணைக்கப்பட்டு இன்று எஞ்சியிருப்பவை சுமார் 13,000. இவற்றுள் பெரும்பாலானவை மழலை வகுப்பு முதல் பன்னிரண்டாம் வகுப்பு வரை ஒரே வாரியத்தின் கீழ் நடத்துகின்றன. ஒன்பது முதல் பன்னிரண்டு வரையிலான நான்கு வகுப்புகளை மட்டுமே நடத்தும் உயர்நிலைப்பள்ளி மாவட்டங்கள் கலிபோர்னியா, இல்லினாய், அரிசோனா முதலிய சில மாநிலங்களில்தான் கணிசமாக நிலைத்திருக்கின்றன.

நிர்வாகவியலார் பலர் இவ்வமைப்பைக் காலம் கடந்த மிச்சமாகவே காண்கின்றனர். ஒரே ஊருக்கு இரண்டு வாரியம், இரண்டு கண்காணிப்பாளர், இரண்டு சம்பள விகிதம் என்பதும், எட்டாம் வகுப்புக்கும் ஒன்பதாம் வகுப்புக்கும் இடையே பாடத்திட்டத் தொடர்ச்சி அறுபடுகிறது என்பதும் அவர்கள் கூறும் குறைகள். குறைகள் உண்மையே. ஆயினும் இக்கணக்கு உயர்நிலைப்பள்ளி மாவட்டத்தை ஒரே ஒரு கோட்டைக் கொண்டு அளக்கிறது. இத்தகைய மாவட்டத்தில் இரண்டு கோடுகள் உண்டு. யார் பணம் யாரோடு சேர்கிறது என்பதை வரி எல்லை முடிவு செய்கிறது. எந்தப் பிள்ளை எந்தப் பிள்ளையோடு படிக்கிறது என்பதை வருகை எல்லை முடிவு செய்கிறது. முதலாவது சட்டத்தாலும் வாக்கெடுப்பாலும் அமைவது. இரண்டாவதை வாரியமே தன் தீர்மானத்தால் வரைவது. சான் பிரான்சிஸ்கோவுக்குத் தெற்கே சான் மாட்டியோ கவுண்டியில் உள்ள செக்வோயா ஒன்றிய உயர்நிலைப்பள்ளி மாவட்டத்தின் வரலாற்றில் முதற்கோடு ஊர்களைச் சேர்த்தது, இரண்டாவது கோடு அவற்றைப் பிரித்தது என்பதே இக்கட்டுரை நிறுவ முயலும் கருத்து.

1. மாநிலப் பணம் இல்லாத பள்ளி

உயர்நிலைப்பள்ளிக்குப் பொதுவரி விதிக்கலாமா என்பது பத்தொன்பதாம் நூற்றாண்டு அமெரிக்காவில் தீராத வழக்காக இருந்தது. பாஸ்டனில் 1821இலேயே அரசு உயர்நிலைப்பள்ளி தோன்றிவிட்டது. எனினும் 1874இல் மிச்சிகன் உச்சநீதிமன்றம் கலமசூ வழக்கில் தீர்ப்பளித்த பிறகே அவ்வரிக்கு உறுதியான சட்டத் துணை கிடைத்தது. தொடக்கப்பள்ளிக்கும் பல்கலைக்கழகத்துக்கும் பொதுப்பணம் தரும் மாநிலத்தில் இடையிலுள்ள படியை மட்டும் விட்டுவிட முடியாது என்பது நீதிபதி தாமஸ் கூலி எழுதிய தீர்ப்பின் சாரம்.

கலிபோர்னியா எதிர்த்திசையில் போயிற்று. 1879ஆம் ஆண்டு அரசமைப்பு, மாநிலப் பள்ளி நிதி முழுவதும் தொடக்க, இலக்கணப் பள்ளிகளுக்கே உரியது என வரையறுத்தது. உயர்நிலைப்பள்ளி வேண்டுமாயின் ஊரார் தம் வரியிலேயே நடத்திக்கொள்ள வேண்டும். சான் பிரான்சிஸ்கோ போன்ற நகரங்களுக்கு அது இயலும். பழத்தோட்டமும் மேய்ச்சல் நிலமுமாய்ச் சிதறிக் கிடந்த கிராமங்களுக்கு இயலாது. இதற்கிடையே 1884 முதல் கலிபோர்னியாப் பல்கலைக்கழகம் தன் ஆசிரியர்களை அனுப்பி உயர்நிலைப்பள்ளிகளை ஆய்வு செய்து, தகுதி பெற்ற பள்ளிகளின் மாணவர்களை நுழைவுத்தேர்வு இன்றிச் சேர்க்கத் தொடங்கியது. அப்படியொரு பள்ளி இல்லாத ஊரின் பிள்ளைக்குப் பல்கலைக்கழக வாசல் மேலும் எட்டாமற் போயிற்று.

இந்த நெருக்கடிக்கு மாற்றாக வந்ததே 1891ஆம் ஆண்டின் ஒன்றிய உயர்நிலைப்பள்ளிச் சட்டம். அடுத்தடுத்துள்ள தொடக்கப்பள்ளி மாவட்டங்கள் தத்தம் வாரியத்தையும் பள்ளியையும் அப்படியே வைத்துக்கொண்டு, வாக்கெடுப்பின் மூலம் உயர்நிலைப்பள்ளிக்காக மட்டும் ஒரு பொது வரிப்பரப்பை உண்டாக்கிக்கொள்ள அது வழி செய்தது. 1902இல் அரசமைப்புத் திருத்தத்தின் மூலம் உயர்நிலைப்பள்ளிகளுக்கும் மாநில உதவி கிடைக்க வழி பிறந்தது. அதற்குள் ஒன்றிய மாவட்டங்கள் வேரூன்றிவிட்டன. ஆகவே இவ்வமைப்பைப் பதின்பருவத்தினரின் கல்வி பற்றிய கோட்பாடு ஒன்றிலிருந்து பிறந்ததாகக் கொள்ள இயலாது. அரசமைப்பின் நிதித் தடை ஒன்றைச் சுற்றிக்கொண்டு போக ஊர்கள் கண்ட வழி அது.

2. எட்டு ஊட்டு மாவட்டங்கள்

செக்வோயா மாவட்டம் 1895இல் ரெட்வுட் சிட்டியைத் தலைமையிடமாகக் கொண்டு உருவாயிற்று. அருகில் ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகம் திறக்கப்பட்டு அப்போது நான்கே ஆண்டுகள் ஆகியிருந்தன. அரை நூற்றாண்டுக் காலம் செக்வோயா உயர்நிலைப்பள்ளி ஒன்றே அம்மாவட்டத்தின் பள்ளி. 1910இல் அமெரிக்கப் பதினெட்டு வயதினரில் உயர்நிலைப்பள்ளி முடித்தோர் நூற்றுக்கு 9 பேர். 1940இல் ஏறத்தாழ பாதிப் பேர். பொருளியலாளர்கள் கிளாடியா கோல்டினும் லாரன்ஸ் கேட்ஸும் ‘உயர்நிலைப்பள்ளி இயக்கம்’ என்று விரிவாக ஆராய்ந்த இப்பெருக்கமும், இரண்டாம் உலகப்போருக்குப் பிந்தைய குடியேற்றமும் சேர்ந்து ஒற்றைப் பள்ளியைப் போதாததாக்கின. மென்லோ-ஆதர்டன் 1951இலும், கார்ல்மாண்ட் 1952இலும், உட்சைடும் ரேவன்ஸ்வுட்டும் 1958இலும், சான் கார்லோஸ் 1960இலும் திறக்கப்பட்டன. பத்தாண்டுக்குள் ஒன்று ஆறாயிற்று.

மாவட்டத்துக்குள் இன்றும் எட்டுத் தொடக்கப்பள்ளி மாவட்டங்கள் தனித்தனியே இயங்குகின்றன: பெல்மாண்ட்–ரெட்வுட் ஷோர்ஸ், சான் கார்லோஸ், ரெட்வுட் சிட்டி, உட்சைடு, போர்டோலா வேலி, லாஸ் லோமிடாஸ், மென்லோ பார்க், ரேவன்ஸ்வுட். ஒவ்வொன்றுக்கும் வாரியம், கண்காணிப்பாளர், பாடநூல் தேர்வு, ஆசிரியர் ஊதிய ஒப்பந்தம் தனி. எட்டாம் வகுப்பு முடித்த பிள்ளைகள் இந்த எட்டு இடங்களிலிருந்தும் ஒரே உயர்நிலைப்பள்ளி மாவட்டத்துக்குள் வந்து சேர்கின்றனர்; அதனால் இவை ஊட்டு மாவட்டங்கள். ஒருவர் எட்டாம் வகுப்பிலேயே இயற்கணிதத்தை முடித்திருப்பார். இன்னொருவருக்கு அந்தப் பாடம் கிடைத்தே இருக்காது. ஒன்பதாம் வகுப்பில் யாரை எந்தக் கணித வகுப்பில் அமர்த்துவது என்ற கேள்வி ஆண்டுதோறும் எழுவது இதனால்தான்.

உயர்நிலைப்பள்ளி மாவட்டத்தின் மேல் ஐந்து உறுப்பினர் வாரியம் உண்டு. உறுப்பினர் பதவிக்காலம் நான்கு ஆண்டு. முன்பு மாவட்டம் முழுவதும் ஒரே தொகுதியாக வாக்களித்தது. இப்போது உறுப்பினர்கள் பகுதிவாரியாகத் தேர்ந்தெடுக்கப்படுகின்றனர். கண்காணிப்பாளரை நியமிப்பதும், வரவு செலவுத் திட்டத்தை ஏற்பதும், பள்ளி திறப்பதும் மூடுவதும், வருகை எல்லை வரைவதும் வாரியத்தின் அதிகாரம். கவுண்டிக் கல்வி அலுவலகம் வரவு செலவைச் சரிபார்க்கும். பாடத்தரமும் பட்டம் பெறுவதற்கான குறைந்தபட்சத் தேவையும் மாநிலச் சட்டத்திலிருந்து வரும்.

3. ரேவன்ஸ்வுட்: இரண்டாவது கோட்டின் வேலை

கிழக்குப் பாலோ ஆல்டோ, செக்வோயா மாவட்டத்துக்குள் பேஷோர் நெடுஞ்சாலைக்கு அப்பால், வளைகுடாவை ஒட்டிய பகுதி. 1983 வரை அதற்கு நகராட்சித் தகுதி கிடைக்கவில்லை. 1950களின் நடுப்பகுதியில் கறுப்பினக் குடும்பங்கள் அங்கு வீடு வாங்கத் தொடங்கியதும், நிலத்தரகர்கள் விலை சரியும் என்ற அச்சத்தைக் கிளப்பி வெள்ளையர்களை விற்கத் தூண்டினர். சில ஆண்டுகளில் ஊரின் முகமே மாறிற்று.

இந்நிலையில்தான் புதிய உயர்நிலைப்பள்ளியை எங்கே கட்டுவது என்ற கேள்வி வாரியத்தின் முன் வந்தது. 2017இல் வெளியான ‘தி கலர் ஆஃப் லா’ நூலில் ரிச்சர்ட் ராத்ஸ்டீன் இம்முடிவை விரிவாக எடுத்துரைக்கிறார். எல்லையைக் கிழக்கு மேற்காக வரைந்தால் புதிய பள்ளியிலும் ஏற்கெனவே இருந்த பள்ளியிலும் இரு இனத்தவரும் கலந்து படிக்கலாம் எனக் கறுப்பின, வெள்ளையினச் செயற்பாட்டாளர்கள் வாரியத்திடம் மன்றாடினர். வாரியம் ஏற்கவில்லை. கறுப்பினக் குடியிருப்பின் நடுவே ரேவன்ஸ்வுட் பள்ளி எழுந்தது. வரி எல்லை மாறவில்லை. எல்லா ஊரின் பணமும் ஒரே பெட்டியில்தான் விழுந்தது. வருகை எல்லை மட்டும் நெடுஞ்சாலையின் போக்கையே பின்பற்றியது. 1960களின் முடிவுக்குள் ரேவன்ஸ்வுட் மாணவர்களில் பெரும்பான்மையினர் கறுப்பினத்தவர்.

பெற்றோரின் எதிர்வினை நிர்வாகக் கோப்புகளுக்கு வெளியே நடந்தது. கெர்ட்ரூட் வில்க்ஸ் என்ற தாய், கிழக்குப் பாலோ ஆல்டோ பிள்ளைகளைச் சுற்றுவட்டார வெள்ளையினக் குடும்பங்களின் வீட்டு முகவரியில் தங்கவைத்து அவ்வூர்ப் பள்ளிகளில் சேர்க்கும் ஏற்பாட்டைச் செய்தார். ‘நழுவிப் போதல்’ என்றே அதற்குப் பெயர். 1966இல் நைரோபி என்ற பெயரில் சொந்தப் பள்ளியையும் தொடங்கினார். பின்னாளில் அவ்வூரின் மேயரும் ஆனார். வருகை எல்லை எவ்வளவு வலிமையானது என்பதற்கு, அதை ஏமாற்ற ஒரு குடும்பம் தன் பிள்ளையை வேறு வீட்டில் உறங்க வைத்ததைவிடச் சான்று வேண்டியதில்லை.

1970களில் வெள்ளையின மாணவர்களை ரேவன்ஸ்வுட்டுக்கு ஈர்க்கும் தன்விருப்பத் திட்டத்தை மாவட்டம் நடத்திப் பார்த்தது. மாணவர் எண்ணிக்கை குறைந்தபோது மூடப்பட்ட முதற்பள்ளியும் அதுவே, ஆண்டு 1976. சான் கார்லோஸ் 1982இல் மூடப்பட்டது. ஆனால் சான் கார்லோஸ் பிள்ளைகளுக்குக் கார்ல்மாண்ட் பக்கத்து ஊர்ப் பள்ளி; கிழக்குப் பாலோ ஆல்டோவின் பிள்ளைகளில் பலருக்கோ அதே கார்ல்மாண்ட் சாலை வழியே பதினைந்து கிலோமீட்டருக்கும் அப்பால். கலந்து படிக்கும் சுமை முழுவதும் பேருந்து ஏறும் தரப்பின் மேல் விழுந்தது. அந்த ஊரில் பொது உயர்நிலைக் கல்வியை மீட்க, ஸ்டான்ஃபோர்டு துணையோடு 2001இல் தொடங்கிய சிறிய சார்ட்டர் பள்ளி (பொதுப்பணத்தில் தன்னாட்சியோடு இயங்குவது) வரை கால் நூற்றாண்டு காத்திருக்க வேண்டியிருந்தது. ரேவன்ஸ்வுட் நின்ற நிலம் இன்று ஒரு வணிக வளாகம். 2014இல்தான் வாரியம் எல்லையைத் திருத்தி, கிழக்குப் பாலோ ஆல்டோ மாணவர்களை அருகிலுள்ள மென்லோ-ஆதர்டன் பள்ளிக்கு உரியவராக்கியது.

4. பணத்தின் கோடு

வருகை எல்லை இவ்வளவு தீங்கு செய்ததெனில், பொது வரிப்பரப்பால் என்ன பயன்? விடைக்கு 1971ஆம் ஆண்டின் செரானோ எதிர் பிரீஸ்ட் தீர்ப்பைப் பார்க்க வேண்டும். லாஸ் ஏஞ்சலிஸ் கவுண்டியின் இரு மாவட்டங்களை மாநில உச்சநீதிமன்றம் அருகருகே வைத்துக் காட்டியது. 1968–69இல் பால்ட்வின் பார்க்கில் ஒரு மாணவருக்கு 3,706 டாலர் மதிப்பீட்டுச் சொத்து இருந்தது. பெவர்லி ஹில்ஸில் 50,885 டாலர். முன்னது 100 டாலருக்கு 5.48 டாலர் வரி செலுத்தி மாணவருக்குச் சுமார் 577 டாலர் செலவிட்டது, பின்னது 2.38 டாலர் மட்டுமே செலுத்தி ஏறத்தாழ 1,232 டாலர் செலவிட்டது. கூடுதல் வரி கட்டியவர் பிள்ளைக்குக் குறைந்த கல்வி. இந்த முறை அரசமைப்பின் சமத்துவ விதிக்கு முரணானது என்பது தீர்ப்பின் சாரம்.

1978இல் வாக்காளர் நிறைவேற்றிய 13ஆம் முன்மொழிவு சொத்துவரியை மதிப்பில் 1 விழுக்காட்டுக்குள் கட்டியது. அந்த ஒரு விழுக்காட்டை உள்ளாட்சிகளிடையே பிரிக்கும் விகிதமோ பெரும்பாலும் பழைய வரிப்பங்கைப் பின்பற்றி உறைந்தது. 2013இல் வந்த நிதிப் பங்கீட்டுச் சட்டம் குறைந்த வருவாய்க் குடும்பத்தினர், ஆங்கிலம் கற்போர், வளர்ப்பு இல்லப் பிள்ளைகள் ஆகியோருக்கு அடிப்படைத் தொகையின் மேல் 20 விழுக்காடு கூடுதலாக வழங்குகிறது. ஆனால் சொந்தச் சொத்துவரியே மாநில வரம்பைத் தாண்டும் மாவட்டங்கள் மிகுதியைத் தாமே வைத்துக்கொள்ளலாம். செக்வோயா அத்தகையது.

இங்கேதான் முதற்கோட்டின் பயன் தெரிகிறது. உட்சைடு, போர்டோலா வேலி, லாஸ் லோமிடாஸ், மென்லோ பார்க் ஆகிய ஊட்டு மாவட்டங்களும் இவ்வாறே வரம்பைத் தாண்டியவை. தொடக்கப்பள்ளி நிலையில் அந்தச் செல்வம் அவற்றின் எல்லைக்குள்ளேயே தங்கிவிடுகிறது. அதே வீடுகளின் வரியில் உயர்நிலைப்பள்ளிக்குரிய பங்கு மட்டும் கிழக்குப் பாலோ ஆல்டோ பிள்ளைக்கும் பொதுவாகிறது. தொடக்கப்பள்ளி எல்லைகளைக் கடக்க நீதிமன்றம் போக வேண்டியிருந்தது: 1976இல் தொடுக்கப்பட்ட டின்ஸ்லி வழக்கு பத்தாண்டு நீடித்து, 1986இல் ரேவன்ஸ்வுட் தொடக்கப்பள்ளி மாவட்டப் பிள்ளைகளில் ஒரு வரம்புக்குட்பட்ட எண்ணிக்கையினர் அண்டை மாவட்டங்களுக்கு மாறிக்கொள்ளலாம் என்ற உடன்பாட்டில் முடிந்தது. வேறு மாவட்டங்களைத் தவறு நிரூபிக்கப்படாமல் இணைத்துத் தீர்வு விதிக்க முடியாது என 1974இல் மில்லிகன் வழக்கில் அமெரிக்க உச்சநீதிமன்றம் சொல்லிவிட்ட பின், உடன்பாடே எட்டக்கூடிய எல்லை. உயர்நிலைப்பள்ளி மாவட்டத்திலோ வழக்கே தேவையில்லை. வாரியத்தின் ஐந்து வாக்குகளில் மூன்று போதும்.

5. இணைப்பு வாதத்தின் குறை

ஒருங்கிணைந்த மாவட்டமே சிறந்தது என்போர் இரு வழிகளுள் ஒன்றைத் தேர்ந்துகொள்ள வேண்டும். ஒவ்வோர் ஊட்டு மாவட்டமும் தனித்தனியே உயர்நிலைப்பள்ளியைத் தன் வசமாக்கிக்கொள்வது ஒன்று. புதிய ஒருங்கிணைந்த மாவட்டத்துக்கு 1,501 மாணவரேனும் வேண்டும், இனப் பிரிவினையை அது வளர்க்கக் கூடாது என்பன மாநில வாரியத்தின் அளவுகோல்கள். சிறிய மலையூர்கள் முதல் அளவுகோலிலேயே நிற்கா. நின்றாலும் பொது வரிப்பரப்பு உடையும். எட்டையும் ஒன்றாக்குவது மற்றொன்று. நீதியின் நோக்கில் அதுவே முழுமையான தீர்வு. ஆனால் தம் மிகுதி வரியை இழக்கும் ஊர்கள் அதற்கு வாக்களிப்பதை எதிர்பார்க்க முடியாது. 1964இல் அன்ரூ சட்டம் இணைப்புக்கு ஊக்கம் தந்தபோதும் இத்தகைய மாவட்டங்கள் பல கலையாமல் நின்றதற்கு இந்த வரிக்கணக்கும் ஒரு காரணம் எனலாம்.

எனவே நடைமுறையில் நம் முன் நிற்கும் தெரிவு, இருக்கும் பொது வரிப்பரப்பைக் காப்பதா, ஊர்வாரியாக அதைக் கூறு போடுவதா என்பதே. இரட்டை நிர்வாகச் செலவு முதலாவதற்கு நாம் கொடுக்கும் விலை. அந்த விலை தகும் என்பதே என் முடிவு, ஒரு நிபந்தனையோடு: வரி எல்லை தரும் நன்மையை வருகை எல்லை விழுங்கிவிடக் கூடாது. 1958இலும் 1976இலும் விழுங்கியது. இரண்டு முறையும் சட்டம் தடுக்கவில்லை, வாரியமே தேர்ந்தெடுத்தது. பள்ளி மாவட்ட ஆய்வுகள் மாவட்டங்களின் எண்ணிக்கையையும் நிர்வாகச் செலவையும் கணக்கிடுவதோடு நில்லாமல், ஒரே மாவட்டத்துக்குள் யார் எவ்வளவு தொலைவு பயணித்துப் படிக்க நேர்கிறது, எந்தப் பள்ளி முதலில் மூடப்படுகிறது என்பவற்றையும் அளவைகளாகக் கொள்ள வேண்டும்.