நம்புவதற்கு முன் ஒரு கேள்வி: போர்களின் நடுவே சமூக விஞ்ஞானம் கண்ட இப்னு கல்தூன்

மீள்குடியேறிய முதல் வருடம், எங்கள் ஊர்க் கோயில் மடத்தில் நாங்கள் சிலர் கொப்பியும் பேனாவுமாக இருந்தோம். போரில் இறந்தவர்களினதும் காணாமல் போனவர்களினதும் பெயர்ப் பட்டியல் ஒன்றை எழுதுவது எங்கள் எண்ணம். முதல் நாளே பிழைகள் தெரிந்தன. ஒரே ஆள் வீட்டுப் பெயரில் ஒரு தடவையும் பதிவுப் பெயரில் இன்னொரு தடவையும் வந்திருந்தார். இன்னொரு பக்கத்தில், ஒருவரும் மிஞ்சாமல் அழிந்துபோன ஒரு குடும்பத்தின் பெயர் பட்டியலில் இல்லவே இல்லை. வந்து சொல்வதற்கு அந்த வீட்டில் யாரும் இருக்கவில்லை. கூடியும் பிழை, குறைந்தும் பிழை.

ஒரு செய்தி உண்மையா இல்லையா என்று எப்படித் தீர்மானிப்பது? அந்தக் கேள்வி மனதை அரித்த காலத்தில்தான் இப்னு கல்தூனின் 'முகத்திமா' என்ற நூலை ஆங்கில மொழிபெயர்ப்பில் வாசித்தேன். 1377 இல் வட ஆபிரிக்காவில் அரபு மொழியில் எழுதப்பட்ட நூல் அது. 'சமூகவியல்' என்ற சொல்லை பிரான்ஸ் நாட்டுச் சிந்தனையாளர் ஓகஸ்ட் கொம்ட் 19ஆம் நூற்றாண்டில் வழக்கத்துக்குக் கொண்டுவந்தார். அதற்கு நான்கரை நூற்றாண்டுகளுக்கு முன்னரே, மனித சமூகம் எப்படி இயங்குகிறது என்பதைத் தனியொரு விஞ்ஞானமாக ஆராயவேண்டும் என்று சொன்னவர் இப்னு கல்தூன்.

இழப்புகளின் நடுவே ஒரு வாழ்க்கை

இப்னு கல்தூன் 1332 இல், இன்றைய துனீசியாவின் தலைநகரான துனிஸில் பிறந்தார். அவரது முன்னோர் ஸ்பெயினின் செவில் நகரில் செல்வாக்கோடு வாழ்ந்தவர்கள். 1248 இல் அந்நகரம் காஸ்டில் அரசின் கையில் வீழ்வதற்கு முன்னரே அங்கிருந்து வெளியேறியவர்கள். இடம்பெயர்ந்த குடும்பத்தின் பிள்ளை அவர்.

அவருக்குப் பதினாறு, பதினேழு வயதிருக்கையில் பெருங்கொள்ளைநோய் துனிஸை அடைந்தது. தாயும் தகப்பனும் இறந்தார்கள். அவருக்குப் படிப்பித்த ஆசிரியர்களில் பலரும் இறந்தார்கள். அதன்பின் வட ஆபிரிக்காவின் அரசவைகளில் மாறிமாறிப் பணியாற்றினார். அரசுகள் ஒன்றையொன்று கவிழ்த்துக்கொண்டிருந்த காலம் அது. ஃபெஸ் நகரில் சதிக்குற்றச்சாட்டில் ஏறத்தாழ இரண்டு வருடம் சிறையிலும் இருந்தார்.

1364 இல் கிரனடா சுல்தானின் தூதுவராகச் செவில் நகருக்கே போனார். அங்கே காஸ்டில் மன்னன் பேட்ரோ, தன்னிடம் சேவைக்கு வந்தால் முன்னோரின் காணிகளைத் திருப்பித் தருவதாகச் சொன்னான். இப்னு கல்தூன் மறுத்துவிட்டார். காணியைத் திரும்பப் பெறுவதற்கு ஒரு விலை கேட்கப்படும் என்பது எங்களுக்கும் விளங்காத விசயம் அல்ல.

1375 இல் அரசியலை விட்டு விலகி, இன்றைய அல்ஜீரியாவிலுள்ள கல்அத் இப்னு சலாமா என்ற கோட்டைக் கிராமத்தில் குடும்பத்தோடு ஒதுங்கினார். அங்கே கழித்த ஏறத்தாழ நான்கு வருடங்களில்தான், ஐந்தே மாதங்களில் 'முகத்திமா'வின் முதல் வடிவத்தை எழுதி முடித்தார்.

பொய் ஏன் நுழைகிறது?

'முகத்திமா' என்றால் முன்னுரை. அவர் எழுதத் தொடங்கிய பெரிய வரலாற்று நூலொன்றின் முன்னுரையே தனி நூலாகப் புகழ்பெற்றது. அதன் தொடக்கக் கேள்வி, வரலாற்றுச் செய்திகளில் பொய் ஏன் நுழைகிறது என்பதுதான். அவர் பல காரணங்களை அடுக்குகிறார். முதலாவது பக்கச்சார்பு. தன் தரப்புக்கு ஏற்ற செய்தியை மனம் சோதிக்காமலே ஏற்றுக்கொள்ளும். அடுத்தது, சொன்னவர் நம்பகமானவர் என்பதற்காகச் சொன்னதையும் நம்பிவிடுவது. அதிகாரத்தில் உள்ளவர்களைப் புகழ்ந்து பயன்பெற நினைப்பது இன்னொன்று. இவை எல்லாவற்றையும்விட முக்கியமானது, சமூகம் எப்படி இயங்கும் என்பதை அறியாமல் இருப்பது.

அவர் தரும் உதாரணம் ஒன்றைப் பார்ப்போம். மோசேயின் காலத்தில் இஸ்ரவேலரின் படையில் ஆறு இலட்சம் பேரோ அதற்கு மேலோ இருந்ததாக மசூதி முதலான வரலாற்றாசிரியர்கள் எழுதியிருந்தார்கள். இப்னு கல்தூன் கேட்கிறார்: அவ்வளவு பெரிய படை எந்த நிலத்தில் அணிவகுக்கும்? ஒரு அணிக்கு நடப்பது மறு அணிக்கு எப்படித் தெரியும்? யாக்கோபுக்கும் மோசேக்கும் இடையில் சில தலைமுறைகள்தான்; அதற்குள் ஒரு குடும்பம் அவ்வளவு பெருகுமா? அவர்களைவிட மிகப் பெரிய பாரசீகப் பேரரசின் படையே காதிஸிய்யா போரில் 1,20,000 தான் என்று சொல்லப்படுகையில், இது எப்படிச் சாத்தியம்?

இன்னொரு கதையில், மகா அலெக்சாந்தர் கண்ணாடிப் பெட்டிக்குள் இருந்துகொண்டு கடலடிக்குப் போனான். இப்னு கல்தூனின் பதில் சுருக்கமானது. மூடிய பெட்டிக்குள் மூச்சுக்காற்று போதாது, ஆள் செத்துப்போவான். சாட்சி நேர்மையானவரா என்று விசாரிப்பதற்கு முன், சொல்லப்பட்டது நடக்கக்கூடியதா என்று கேள் என்பதுதான் அவருடைய விதி. விஞ்ஞானத்தின் பழக்கத்தை அவர் வரலாற்றுக்குள் கொண்டுவந்தது இப்படித்தான்.

சமூகம் எப்படி இயங்குகிறது?

நடக்கக்கூடியது எது என்று அறிய, சமூகத்தின் இயல்பை அறியவேண்டும். அதற்காக அவர் மிகச் சிறிய விசயத்திலிருந்து தொடங்குகிறார். ஒருநாள் உணவுக்கான மாவுக்கு அரைக்கவும் பிசையவும் சுடவும் வேண்டும். அதற்கான பாத்திரம் பண்டங்களுக்குக் கொல்லனும் தச்சனும் குயவனும் வேண்டும். தானியத்துக்கு உழவன் வேண்டும். தனி ஒருவனால் முடியாது. ஆனால் பலர் சேர்ந்தால் தங்கள் தேவைக்கு மேலாகவே விளைவிப்பார்கள். சமூகம் பிறப்பது இந்தத் தேவையிலிருந்துதான்.

சேர்ந்தவர்களைப் பிணைத்து வைப்பதை அவர் 'அஸபிய்யா' என்றார். குழுவின் ஒற்றுமையுணர்வு என்று சொல்லலாம். அதை அவர் இரத்தத்தின் மகிமையாகப் பார்க்கவில்லை. வம்சம் என்பதே பெரும்பாலும் ஒரு கற்பனைதான், அது தரும் பிணைப்பே அதன் பயன் என்று எழுதினார். கடினமான வாழ்வில் இறுகும் இந்த உணர்வு ஒரு குழுவை ஆட்சிக்குக் கொண்டுவரும். ஆட்சி தரும் சுகபோகமே அதைத் தளர்த்தும். தலைமுறைக்கு நாற்பது வருடமாக மூன்று தலைமுறை, அதாவது 120 வருடம், ஒரு அரச வம்சத்தின் பொதுவான ஆயுள் என்று கணக்கிட்டார்.

வரியைப் பற்றியும் எழுதினார். ஆட்சியின் தொடக்கத்தில் குறைந்த வரியில் கூடிய வருமானம் வரும். முடிவில் கூடிய வரியில் குறைந்த வருமானமே வரும். 1981 இல் அமெரிக்க ஜனாதிபதி ரீகன்கூட இதை எடுத்துச் சொன்னார். ஆனால் என்னை நிறுத்தி வைத்த பகுதி அநீதியைப் பற்றியது. மக்களின் சொத்தைப் பறிப்பதும் கூலியில்லாமல் வேலை வாங்குவதும் நாட்டையே அழிக்கும் என்கிறார் அவர். தேடியது கையில் நிற்காது என்று தெரிந்தால் மனிதர் தேடுவதை விட்டுவிடுவார்கள். சந்தை படுக்கும், ஊர் வெறிச்சோடும். அநீதி அவரிடம் பாவம் மட்டுமல்ல. காரணமும் விளைவும் கொண்ட ஒரு சமூக நிகழ்வு.

அவரையும் சோதிப்போம்

இப்னு கல்தூனை அப்படியே தூக்கிவைக்கவும் முடியாது. கறுப்பு நிறம் ஒரு சாபத்தால் வந்தது என்ற கதையை மறுத்து, அது காலநிலையால் வந்தது என்று சொன்னவரே, தென்பகுதிக் கறுப்பின மக்களை இழிவாகவும் எழுதியிருக்கிறார். தன் பெரிய வரலாற்று நூலில், தானே வகுத்த சோதனையை எல்லா இடத்திலும் அவர் பின்பற்றவில்லை என்று ஆய்வாளர்கள் குறை சொல்கிறார்கள். பக்கச்சார்பு முதற் காரணம் என்று அவர் எழுதியது அவருக்கும் பொருந்துகிறது.

இழப்புகளும் அவரை விடவில்லை. 1382 இல் எகிப்துக்குப் போய்க் கெய்ரோவில் நீதிபதியானார். 1384 இல் அவரிடம் வந்துகொண்டிருந்த குடும்பம் கப்பல் உடைந்து கடலில் மூழ்கியது. 1401 இல் தைமூரின் படை டமஸ்கஸை முற்றுகையிட்டபோது, நகர மதிலிலிருந்து கயிற்றில் இறங்கிப் போய் அந்த வெற்றியாளனைச் சந்தித்துப் பேசினார். 1406 இல் கெய்ரோவில் காலமானார்.

எங்கள் பட்டியல்

எங்களுக்குப் பழக்கமான ஒரு கணக்கை இங்கே நினைக்கிறேன். மன்னார் ஆயராக இருந்த இராயப்பு யோசப் ஆண்டகை 2011 ஜனவரியில் கற்றுக்கொண்ட பாடங்கள் மற்றும் நல்லிணக்க ஆணைக்குழுவின் முன் அதை வைத்தார். 2008 ஒக்டோபரில் வன்னியில் இருந்தோர் 4,29,059 பேர் என்பது மாவட்டச் செயலகங்களின் பதிவு. அரச கட்டுப்பாட்டுப் பகுதிக்கு வந்தோர் 2,82,380 பேர் என்பது ஐ.நா.வின் பதிவு. மிச்சம் 1,46,679 பேருக்கு என்ன நடந்தது என்று கேட்டார். அத்தனை பேரும் இறந்தார்கள் என்று அவர் சொல்லவில்லை. கணக்கை வைத்துப் பதில் கேட்டார். அதனால்தான் அந்தக் கேள்வி இன்னும் நிற்கிறது.

நாங்களும் மடத்தில் வைத்து எழுதுவதை நிறுத்திவிட்டு, வீடு வீடாகப் போனோம். குடும்ப அட்டையைப் பார்த்து, இரட்டைப் பெயர்களை நீக்கினோம். வெறும் காணிகளுக்கு முன்னால் நின்று, இங்கே யார் இருந்தார்கள் என்று அயலாரைக் கேட்டோம். ஒருவரும் மிஞ்சாத அந்தக் குடும்பத்தின் பெயர்கள் அப்படித்தான் பட்டியலில் ஏறின.