இறங்கி வந்தபின்

வானுக்கு ஏறியவர்களின் வரலாறு பலமுறை எழுதப்பட்டுள்ளது. இறங்கி வந்தபின் அவர்கள் எவ்வாறு வாழ்ந்தனர் என்று எண்ணிப் பார்ப்போர் சிலரே. இந்தியாவின் முதல் விண்வெளி வீரர் இராகேஷ் சர்மா விண்ணில் கழித்தது எட்டு நாள்களுக்கும் குறைவு. மற்ற ஆண்டுகளெல்லாம் மண்ணில் கழிந்தவையே. அவற்றைக் குறித்தே இங்கு நாம் சிந்திக்க விழைகிறோம்.

1949 சனவரி 13 அன்று பஞ்சாபின் பாட்டியாலாவில் பிறந்த சர்மா, ஐதராபாத்தில் கல்வி பயின்று, 1970-இல் விமானப்படையில் விமானியானார். 1971-ஆம் ஆண்டுப் போரில் மிக்-21 விமானத்தில் 21 முறை பறந்தார். 1982-இல் சோவியத் நாட்டுடன் இணைந்த விண்வெளிப் பயணத்துக்குத் தெரிவு செய்யப்பட்டார். அடைபட்ட இடத்துக்கு அஞ்சுவாரா என்று அறிய, பெங்களூரில் 72 மணி நேரம் ஓர் அறையில் அடைத்து வைக்கப்பட்டார். உருசிய மொழியை நாள்தோறும் ஆறேழு மணி நேரம் கற்றார். 1984 ஏப்ரல் 3 அன்று பைக்கனூர் தளத்திலிருந்து, மாலிஷெவ், ஸ்திரெகாலொவ் என்னும் இரு சோவியத் வீரர்களுடன் சோயுஸ் டி-11 கலத்தில் புறப்பட்டார். சல்யூத்-7 நிலையத்தில் தங்கி, நம் நாட்டின் நிலப்பரப்பைப் படம் எடுத்தார். எடையற்ற நிலையில் யோகப் பயிற்சிகள் செய்தார். ஏப்ரல் 11 அன்று திரும்பினார். மொத்தம் 7 நாள், 21 மணி, 40 நிமிடம். 2025 சூன் 25 அன்று சுபான்ஷு சுக்லா புறப்படும்வரை, இந்தியக் குடிமக்களுள் விண்வெளிக்குச் சென்றவர் அவர் ஒருவரே.

அவருடன் பயிற்சி பெற்ற மற்றொருவரை நாம் மறந்துவிடலாகாது. இரவீஷ் மல்கோத்ரா அதே பயிற்சி அனைத்தையும் முடித்து, மாற்று வீரராகத் தரையிலேயே நின்றார். பின்னர் விமானப்படையில் ஏர் கமடோராக உயர்ந்து, ஓய்வுக்குப்பின் விமானப் பாகங்கள் செய்யும் தனியார் தொழிலில் ஈடுபட்டார். ஏறாமலே இறங்கி உழைத்தவர் அவர்.

நாடு திரும்பிய சர்மாவை மக்கள் சூழ்ந்துகொண்டனர். அங்கே கடவுளைக் கண்டீர்களா என்று அவரிடம் வினவியோர் பலர். காணவில்லை என்றே அவர் விடை பகர்ந்தார். இதில் நம்பிக்கையாளர் மனம் வருந்த வேண்டுவதில்லை. நம் ஆண்டவர் மாட்டுத் தொழுவத்தில் பிறந்து, தச்சுப் பட்டறையில் வளர்ந்தவரல்லவா? அவரைக் காண உயரம் தேவையில்லை.

சர்மாவும் பட்டறைக்கே சென்றார். 1987-இல் விமானப்படையினின்று விங் கமாண்டராக ஓய்வு பெற்று, இந்துஸ்தான் ஏரோநாட்டிக்ஸ் நிறுவனத்தின் நாசிக் பிரிவில் தலைமைச் சோதனை விமானியானார். பிறர் நம்பி ஏறுமுன் ஒரு விமானத்தைத் தம் உயிரைப் பணயம் வைத்து ஓட்டிப் பார்ப்பது அவ்வேலை. அங்கே மிக்-21 ஒன்று பழுதுற்றபோது, அதிலிருந்து வெளியேறி மயிரிழையில் உயிர் தப்பினார். 1992-இல் பெங்களூருக்கு மாறி, 2001-இல் பறத்தலை நிறுத்தினார். பின்னர் வணிகத் துறையில் புகுந்து, பெங்களூரில் கணிப்பொறித் தொழில் நிறுவனம் ஒன்றின் இயக்குநர் குழுவுக்குத் தலைமை ஏற்றார். நீலகிரியின் குன்னூரில் குடியமர்ந்தார். இளந்தாய்மார் தம் பிள்ளைகளிடம், 'இந்த மாமா நிலாவுக்குப் போனவர்' என்று தம்மைக் காட்டுவதை அவரே சொல்லியிருக்கிறார். அவர் நிலவுக்குச் சென்றதே இல்லை. புகழை நம்பி வாழ முற்படுவோர்க்கு இதில் நல்ல பாடம் உண்டு.

நிலவருகே சென்று வந்தபின் வணிகத்தில் இறங்கியவர் அமெரிக்கரான பிராங்க் போர்மன். 1968-ஆம் ஆண்டு கிறிஸ்து பிறப்புப் பெருவிழாவின் முன்னிரவில், நிலவைச் சுற்றிய அப்பல்லோ 8 கலத்திலிருந்து அவரும் உடன்சென்ற இருவரும் தொடக்கநூலின் படைப்பு வரலாற்றை உலகுக்கு வாசித்தனர். பின்னர் அவர் ஈஸ்டர்ன் விமான நிறுவனத்தில் சேர்ந்தார். 1972 டிசம்பர் 29 இரவு, அந்நிறுவனத்தின் விமானம் ஒன்று புளோரிடாவின் சதுப்புநிலத்தில் வீழ்ந்து, நூற்றுக்கும் மேற்பட்டோர் மாண்டனர். உயர் அதிகாரியாயிருந்த போர்மன் தாமே அச்சேற்றில் இறங்கி, பிழைத்தோரை மீட்க உதவினார். 1975-இல் தலைமை நிர்வாகியானார். ஊதிய உயர்வை நிறுத்தி, சில ஆண்டுகள் இலாபமும் ஈட்டினார். ஆயினும் 1978-இல் அரசின் கட்டுப்பாடு தளர்ந்தபின் போட்டியும் கடனும் பெருகின. தொழிற்சங்கங்களுடன் பிணக்கு முற்றியது. 1986-இல் நிறுவனம் பிறர் கைக்குச் செல்ல, அவர் பதவி விலகினார். 1991-இல் அந்நிறுவனமே மூடப்பட்டது. நிலவுக்குச் செல்லும் கணக்கு பிழையின்றி முடிந்தது. தொழிலாளரின் கூலிக் கணக்கு அவ்வாறு முடியவில்லை. மனிதரோடு பழகும் பணி விண்கலம் செலுத்துவதினும் எளிதன்று.

தபோர் மலையில் ஆண்டவரின் மாட்சியைக் கண்ட இராயப்பர், அங்கேயே மூன்று கூடாரங்கள் அமைக்க விரும்பினார். ஆண்டவரோ சீடரை அழைத்துக்கொண்டு இறங்கினார். மலையடிவாரத்தில் நோயுற்ற மகனோடு ஒரு தந்தை காத்திருந்தார். மலைமேல் கண்டது மெய்யா என்பது அடிவாரத்தில்தான் தெரியும். சமயபுரத்தில் வாழும் நாம் இதற்கு ஒப்பானதை ஆண்டுதோறும் காண்கிறோம். நெடுந்தொலைவு நடந்து மாரியம்மன் கோயிலுக்கு வரும் அயற்சமய அன்பர்கள், நேர்ச்சை செலுத்தியபின் வந்த வழியே திரும்பி, மறுநாளே வயலுக்கும் கடைக்கும் செல்கின்றனர்.

பெல் ஆலையிலும் பொன்மலைப் பணிமனையிலும் நெடுங்காலம் உழைத்து ஓய்வு பெற்றோர் நம் பங்குகளில் பலர் உளர். அயல்நாடுகளில் நல்ல பதவி வகித்துத் திரும்பியோரும் உளர். இத்தகையோர் சிறுகடை ஒன்று வைத்தால், 'எப்படி இருந்தவர், இப்படி ஆகிவிட்டாரே' என்று இரங்குவோர் நம்மிடையே இல்லையா? அச்சொல்லுக்கு அஞ்சி, பழைய பதவியின் பெயரைச் சொல்லிக்கொண்டே வீட்டுத் திண்ணையில் நாளைக் கழிப்போர் இல்லையா? திருத்தந்தை இரண்டாம் அருள் சின்னப்பர், மனித உழைப்பைக் குறித்து 1981-இல் விடுத்த சுற்றுமடலில், வேலையின் மதிப்பு அதன் வகையால் அன்று, அதைச் செய்பவர் மனிதர் என்பதாலேயே அமைகிறது என்று கற்பித்தார். தச்சரின் மகனை வழிபடும் நாம், எந்த நேர்மையான வேலையையும் இறக்கமாகக் கருதலாகாது. அவ்வாறு இறங்கி வந்து உழைப்போர்க்கு நம் இல்லங்களிலும் பங்குகளிலும் உரிய மதிப்பைத் தருவோமாக.