தள்ளுபடியான மேல்முறையீடும் தவறவிடலாகாத அமானிதமும்

ஒரு மேல்முறையீடு தோற்பதற்கு இரு வழிகள் உள்ளன. வாதங்களைக் கேட்டபின் நீதிபதி அதனை ஏற்காமல் விடுவது ஒன்று. மேல்முறையீடு செய்தவரே வாய்தா நாளில் வராமையால், எதையும் கேளாமலேயே தள்ளுபடியாவது மற்றொன்று. இரண்டாம் வழியின் வரலாற்றில் நமக்கும் பாடம் உண்டு.

கலீஃபா உமர் (ரலி) அவர்கள் நீதி வழங்கும் முறை குறித்து அபூ மூஸா அல்அஷ்அரீ (ரலி) அவர்களுக்கு எழுதியதாக அறிவிக்கப்படும் கடிதம் புகழ்பெற்றது. இப்னுல் கய்யிம் (ரஹ்) அவர்கள் 'இஃலாமுல் முவக்கிஈன்' நூலில் அதற்கு விரிவான விளக்கம் எழுதினார்கள். சான்று கைவசம் இல்லை என்பவருக்குத் தவணை கொடுக்க வேண்டும். அதற்குள் கொண்டுவந்தால் அவருடைய உரிமையை வழங்க வேண்டும். இல்லையேல் அவருக்கு எதிராகத் தீர்ப்பளிக்கலாம் என்பது அதன் கருத்துகளுள் ஒன்று. அவகாசம் அளிப்பது நீதி; அதற்கு எல்லை வகுப்பதும் நீதியே. எதிர்த்தரப்பாரை முடிவின்றிக் காக்க வைப்பது அவருக்கு இழைக்கும் அநீதியன்றோ?

இந்தியாவின் 1908ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டமும் இவ்விரண்டையும் பேணுகிறது. அதன் 41ஆம் கட்டளையின் 17ஆம் விதிப்படி, மேல்முறையீட்டாளர் விசாரணைக்கு வராவிடில் நீதிமன்றம் அதனைத் தள்ளுபடி செய்யலாம். ஆயினும் அவர் இல்லாத வேளையில் வழக்கின் தகுதியை ஆராய்ந்து தள்ளுபடி செய்தலாகாது என 1976ஆம் ஆண்டுத் திருத்தம் தெளிவுபடுத்தியது. வராமைக்குத் தக்க காரணம் இருந்ததென மெய்ப்பித்தால், 19ஆம் விதியின்கீழ் மேல்முறையீடு மீண்டும் ஏற்கப்படும். அவ்விண்ணப்பத்துக்குக் கால வரம்பு 30 நாட்கள்.

வழக்குரைஞர் வராமையால் வழக்காடியவர் உரிமை இழக்கலாமா? அலகாபாத் உயர்நீதிமன்றத்தில் அவ்வாறு தள்ளுபடியான ஒரு மேல்முறையீட்டை 1981ஆம் ஆண்டு உச்சநீதிமன்றம் மீட்டளித்தது. வழக்குரைஞரை அமர்த்திக் கட்டணமும் செலுத்தியவர், அவருடைய தவற்றுக்காகத் துன்புறலாகாது எனக் கருதியது. ஆனால் 1993ஆம் ஆண்டுத் தீர்ப்பொன்றில், வழக்குரைஞர் மீது பழியைச் சுமத்தி எவரும் எப்போதும் தப்பிவிடலாம் என்று பொது விதி இல்லை எனவும் அந்நீதிமன்றமே கூறியது. ஆகவே விழிப்பு நம் கடமை.

தனிமனிதர் தம் வழக்கைக் கைவிட்டால் இழப்பு அவருக்கே. வக்ஃப் சொத்துக்காக வழக்காடும் முதவல்லி வாய்தாவைத் தவறவிட்டால் இழப்பு யாருக்கு? அச்சொத்தின் வருவாயை நம்பியிருக்கும் எத்தீம்களுக்கும் ஏழைகளுக்கும், இன்னும் பிறவாத தலைமுறைக்கும் அன்றோ! நிர்வாகம் மாறும்போது கணக்கேடுகளுடன் வழக்குக் கட்டுகளையும் அடுத்த வாய்தா தேதியையும் எழுத்தில் ஒப்படைப்போம். வழக்குரைஞரிடம் மாதம் ஒருமுறையேனும் நிலையைக் கேட்டறிவோம்.

அமானிதங்களை உரியவர்களிடம் ஒப்படைக்குமாறு திருக்குர்ஆன் நமக்குக் கட்டளையிடுகிறது. உலக நீதிமன்றத்தில் தவறவிட்ட வாய்தாவுக்கு மீட்பு விண்ணப்பம் உண்டு. மறுமையின் மன்றத்திலோ வாய்தாவும் இல்லை, மேல்முறையீடும் இல்லை. பொறுப்புணர்ந்து வாழும் நற்பேற்றை அல்லாஹ் நம் அனைவருக்கும் அருள்வானாக! ஆமீன்.